விடுபட்ட ஒன்பது நாட்கள்

ஜூன் 4

அன்புள்ள அக்காவுக்கு,

இங்கே நானும் வீட்டுக்காரியும் சௌக்கியம். மழை வந்தால் மட்டும் என் இடது கால் குடைகிறது; மற்ற நாட்களில் அது நல்ல பிள்ளை. அத்தானுக்கு இருமல் நின்றதா? நீ வேளாவேளைக்குச் சாப்பிடுகிறாயா, இல்லை நோட்டுத் திருத்திக்கொண்டே பாதித் தட்டை மறந்துவிடுகிறாயா?

விஷயத்துக்கு வருகிறேன். நேற்று நம் மனுவை வாபஸ் வாங்கிவிட்டோம். உடனே தலையில் கை வைத்துக்கொண்டு உட்காராதே. தோற்கவில்லை. மனுவில் ஒரு சின்னக் கோளாறு இருந்தது. அதோடு வாதாடினால் நீதிபதி தள்ளுபடி செய்துவிடலாம். தள்ளுபடி ஆகிவிட்டால் இதே விஷயத்துக்காக மறுபடி அந்தப் படி ஏற முடியாது. நாமாகவே திரும்ப எடுத்துக்கொண்டால், சரி செய்து மறுபடி போடலாம். 'புதிதாகத் தாக்கல் செய்ய அனுமதியுடன் வாபஸ்' என்று உத்தரவிலேயே எழுதியிருக்கிறார்கள். அந்த வரிதான் முக்கியம்.

காலையில் எதிர்த்தரப்பு கொடுத்த பதிலை வக்கீல் ஐயா படித்தார். படித்துவிட்டு மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். அவர் கண்ணாடியைக் கழற்றினாலே ஏதோ கெட்ட சேதி என்று அர்த்தம். "இதை இன்னிக்கே திரும்ப எடுத்துடுவோம்" என்றார். வாபஸுக்கு முதல் மனுதாரரின் கையெழுத்து வேண்டும். முதல் மனுதாரராகிய நீயோ ஒரு நாள் ரயில் தூரத்தில் இருக்கிறாய். பிப்ரவரியில் அவசரத்துக்கு உதவும் என்று நீ கையெழுத்துப் போட்டுக் கொடுத்த பத்து வெறுந்தாள்களில் ஒன்றை எடுத்து, அதில் தட்டச்சு செய்து கொடுத்துவிட்டேன். நம் முறை வந்து ஒரு வாய் தேநீர் குடிப்பதற்குள் எல்லாம் முடிந்தது. நீதிபதி தலையைக்கூட நிமிர்த்தவில்லை.

உன்னோடு மனுவில் இருக்கும் பாட்டு டீச்சரும் மற்றவர்களும் கேட்டால் இப்படிச் சொல். புதிய ஆசிரியர் கல்வி விதிமுறைகளை எதிர்க்கும் நம் வழக்கு உயிரோடுதான் இருக்கிறது. முழுநேரக் கல்லூரிக்குப் போகாமல் விடுமுறைப் பயிற்சியில் படித்து வந்தவர்கள் ஆசிரியர்களே இல்லை, மறுபடி இரண்டு வருஷம் கல்லூரியில் போய் உட்கார வேண்டும், அதுவரை வகுப்பறைப் பக்கமே வரக்கூடாது என்பது உங்கள் பதினெட்டுப் பேருக்கும் அநியாயம். அதைத்தான் மறுபடியும் சொல்லப்போகிறோம். ஒரே ஒரு சங்கடம், மனு இல்லாததால், அந்த விதியை உங்கள்மேல் அமல்படுத்தாமல் நிறுத்தி வைத்திருந்த இடைக்காலத் தடையும் இப்போது இல்லை. ஒரு மாதம் பொறுத்துக்கொள்.

உன் தம்பி,
வக்கீல் குமாஸ்தா


ஜூன் 12

தம்பிக்கு,

உன் கடிதம் கிடைத்தது. அத்தானுக்கு இருமல் போய்த் தும்மல் வந்திருக்கிறது. நான் நன்றாக இருக்கிறேன். உன் காலுக்கு வெந்நீர் ஒத்தடம் கொடு. சோம்பேறித்தனம் பண்ணாதே.

உன்னிடம் போனில் பேசலாம் என்று தலைமையாசிரியை அறைவரைக்கும் போனேன். வாசலிலேயே திரும்பிவிட்டேன். போனில் நீ மழுப்புவாய். எழுத்தில் மழுப்பினால் என் கையில் சாட்சி இருக்கும். ஆகவே மூன்று கேள்விகள். எண் போட்டுப் பதில் எழுது.

1. வாபஸ் வாங்குவதற்கு முன்னால் எனக்கு ஒரு போன் செய்ய ஏன் முடியவில்லை?

2. அந்தச் 'சின்னக் கோளாறு' என்ன?

3. மறுபடி எப்போது போடுவீர்கள்? 'சீக்கிரம்' என்று எழுதினால் மதிப்பெண் கிடையாது. தேதி வேண்டும்.

பாட்டு டீச்சரிடம் நீ சொன்னதை அப்படியே ஒப்பித்தேன். அவள் கேட்டுவிட்டு, "உங்க தம்பி மேல நம்பிக்கை இருக்கு டீச்சர். ஆனா அவர் பொறுத்துக்கோங்கன்னு சொல்றப்பதான் பயமா இருக்கு" என்றாள். அவளுக்கு இன்னும் ஏழு வருஷ வேலை பாக்கி இருக்கிறது. எனக்குப் பதினேழு.

கையெழுத்து விஷயத்தில் உன்மேல் பாதிக் கோபம், என்மேல் பாதிக் கோபம். எழுதாத தாளில் பெயர் மட்டும் போட்டுக் கொடுக்காதே என்று பிள்ளைகளிடம் பத்தொன்பது வருஷமாகச் சொல்லி வருபவள் நான்.

பள்ளியில் எல்லாம் வழக்கம்போலத்தான்.

உன் வீட்டுக்காரியை விசாரித்ததாகச் சொல்.

அக்கா


ஜூன் 21

அன்புள்ள அக்காவுக்கு,

ஒத்தடம் கொடுத்தேன். கால் சரியாகிவிட்டது. அத்தானின் தும்மலுக்கும் அதையே சிபாரிசு செய்கிறேன். வீட்டுக்காரி உன்னை மிகவும் கேட்டாள்.

பரீட்சைக்குப் பதில்கள்:

1. கால் மணி நேரம்தான் இருந்தது. நீதிமன்ற வாசலில் உள்ள ஒரே போனுக்கு முன்னால் ஒன்பது பேர் நின்றார்கள். அதில் ஒருவர் தன் மாமியாரோடு பேசிக்கொண்டிருந்தார்.

2. அது சட்ட நுணுக்கம். எழுதினால் உனக்குக் கொட்டாவி வரும்.

3. ஜூலை முப்பத்தொன்றுக்குள்.

வக்கீல் ஐயா மும்முரமாக இருக்கிறார். நீதிமன்றத்தில் மின்விசிறிகள் எல்லாவற்றையும் மாற்றியிருக்கிறார்கள். புதியவை காற்றைத் தருவதைவிட அதிகமாகக் காகிதத்தைப் பறக்கவிடுகின்றன. போன வாரம் ஒரு பாகப்பிரிவினை வழக்கின் ஆவணம் பறந்துபோய் ஒரு விவாகரத்து வழக்குக் கட்டுக்குள் சேர்ந்துவிட்டது. பிரித்தெடுக்க அரைநாள் ஆனது.

உன் மூன்றாம் வகுப்பு எப்படி இருக்கிறது? போன வருஷம் ஒரு பெண்ணைப் பற்றி எழுதினாயே, பென்சில் தின்னி, அவள் மூன்றாம் வகுப்புக்கு வந்துவிட்டாளா? அவளைப் பற்றி எழுது. சிரித்து நாளாகிறது.

உன் தம்பி


ஜூலை 10

தம்பிக்கு,

நாங்கள் சுகமே. அத்தான் இப்போது எதுவும் செய்வதில்லை, இருமலும் இல்லை தும்மலும் இல்லை.

தாளில் நீலக் கோடுகள் இருக்கின்றனவே என்று பார்க்காதே. கைக்கு அகப்பட்டதில் எழுதுகிறேன்.

முதல் கேள்விக்குப் பாதி மதிப்பெண். மாமியார் கதையை நான் நம்பவில்லை. மூன்றாவதற்கு முழு மதிப்பெண், தேதி தப்பினால் பிடுங்கிக்கொள்வேன். இரண்டாவதற்குப் பூஜ்யம். எனக்குக் கொட்டாவி வருமா வராதா என்பதை நான் பார்த்துக்கொள்கிறேன். கோளாறு என்ன?

அக்கா


ஜூலை 17

அன்புள்ள அக்காவுக்கு,

இங்கே உடம்புக்கு ஒன்றுமில்லை. மனசுக்குத்தான் கொஞ்சம் சரியில்லை. உன் கடிதம் நாலே வரியில் முடிந்ததனால் இருக்கலாம்.

வக்கீல் ஐயா ஒரு யோசனை சொல்கிறார். பாட்டு டீச்சரை முதல் மனுதாரராகப் போட்டு, பதினேழு பேர் பெயரில் முதலில் தாக்கல் செய்துவிடுவது. உன்னுடையதை நிதானமாகப் பின்னால் தனியாகப் போடலாம். அது உனக்கும் நல்லது, அவர்களுக்கும் நல்லது. தப்பாக நினைத்துக்கொள்ளாதே. சம்மதம் என்று ஒரு வரி எழுதிப்போடு.

இன்னொன்று. பென்சில் தின்னியைப் பற்றிக் கேட்டேன், நீ எழுதவில்லை. வகுப்பைப் பற்றி ஒரு வார்த்தைகூட இல்லாமல் நீ இதுவரை எனக்குக் கடிதம் போட்டதில்லை. அந்த நீலக் கோட்டுத் தாள் பள்ளிக்கூடத்து இருப்புப் பதிவேட்டுத் தாள்தானே? பதினைந்து வருஷமாகத் தாள்களோடு குடும்பம் நடத்துகிறவன் நான். நீ இப்போது எங்கே உட்கார்ந்து எழுதுகிறாய்?

உன் தம்பி


ஜூலை 25

தம்பி,

நீ நலமாக இருப்பாய் என்று நினைக்கிறேன்.

பாட்டு டீச்சர் தன் பெண்ணைப் பார்க்க உங்கள் ஊருக்கு வந்தவள், உன் ஆபீசுக்கும் போயிருக்கிறாள். நீ நீதிமன்றத்தில் இருந்தாயாம். வக்கீல் ஐயா அவளுக்கு எதிர்த்தரப்பின் பதிலை நகல் எடுத்துக் கொடுத்திருக்கிறார். அவள் அதைப் படித்துவிட்டு என் முன்னால் கொண்டுவந்து வைத்தாள். ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டிருந்தால்கூடப் பரவாயில்லை.

பயிற்சியில் நாற்பது நாள் வகுப்பெடுத்துப் பழக வேண்டும். நான் எடுத்தது முப்பத்தொன்று. பழைய வருகைப் பதிவேட்டைத் தோண்டி எடுத்துக் காட்டியிருக்கிறார்கள். மனுவில் என் சத்தியத்தோடு, என் கையெழுத்துக்கு மேலே, நாற்பது என்று இருக்கிறது. முதல் மனுதாரரே பொய்ச் சத்தியம் செய்தவர், ஆகவே மொத்த மனுவையும் தள்ளிவிடுங்கள், இவர்மேல் நடவடிக்கையும் எடுங்கள் என்று கேட்டிருக்கிறார்கள். இதுதான் உன் சின்னக் கோளாறா?

என்னை நீ கேட்டிருந்தால் முப்பத்தொன்று என்று சொல்லியிருப்பேன். எனக்கு வெட்கமில்லை அதைச் சொல்ல. இப்போதுதான் வெட்கமாக இருக்கிறது. பதினேழு பேருக்கு முன்னால் பொய் சொன்னவளாக நிற்கிறேன், நான் சொல்லாத பொய்க்காக.

பதினேழு பேர் போடட்டும். என் பெயரை எடுத்துவிடு. இதுதான் நீ கேட்ட ஒரு வரி.

கையெழுத்துப் போட்ட வெறுந்தாள் பத்துக் கொடுத்தேன். மனுவுக்கு ஒன்று, வாபஸுக்கு ஒன்று. மீதி எட்டையும் பதிவுத் தபாலில் திருப்பி அனுப்பு.


ஆகஸ்ட் 28

அன்புள்ள அக்காவுக்கு,

நலம் விசாரிக்க எனக்கு வாய் வரவில்லை. ஆனாலும் கேட்கிறேன், எப்படி இருக்கிறாய்?

ஒரு மாதமாக எழுத உட்கார்ந்து உட்கார்ந்து எழுந்திருக்கிறேன். எட்டுத் தாளும் இத்துடன் இருக்கின்றன. எண்ணிப் பார்த்துக்கொள்.

பிப்ரவரியில் பதினெட்டுப் பேரின் விவரத்தையும் தட்டச்சு செய்தவன் நான். வரிசையாக எல்லாருக்கும் நாற்பது நாள். உன் முறை வந்தது. உன் சான்றிதழில் தேர்ச்சி என்றுதான் இருக்கிறது, நாள் கணக்கு இல்லை. ஆனால் எனக்குத் தெரியும். லாரி இடித்து நான் ஆஸ்பத்திரியில் கிடந்தபோது, நீ கட்டில் ஓரத்தில் பாடக்குறிப்பு நோட்டை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாய். எனக்குப் பதினைந்து வயது. ஒன்பது நாள். பத்தாம் நாள் நான் ஊன்றுகோலோடு எழுந்து நின்ற பிறகுதான் பயிற்சிக்குத் திரும்பிப் போனாய்.

தட்டச்சுப் பொறிக்கு முன்னால் அது எல்லாம் ஞாபகம் வந்தது. அந்த நேரம் பார்த்து வக்கீல் ஐயா உள்ளேயிருந்து, "எல்லாருக்கும் நாற்பதுதானேப்பா?" என்று குரல் கொடுத்தார். "ஆமாங்க" என்றேன். முப்பத்தொன்று என்றால் ஏன் என்று கேட்பார். அந்த 'ஏன்' நான்தான். என்னால்தான் உன் பிழைப்புக்கு ஆபத்து என்பதை என் விரலாலேயே அடிக்க முடியவில்லை. நாற்பது என்று அடித்தேன். தெரியாமல் செய்த தப்பு இல்லை அக்கா. தெரிந்து செய்தது. பழைய பதிவேட்டை யார் தேடப்போகிறார்கள் என்று நினைத்தேன்.

வீட்டுக்காரியிடம் சொன்னேன். என்னைத் தேற்றுவாள் என்று பார்த்தேன். "உங்க அக்கா உங்க காலுக்காகப் போனாங்க. நீங்க உங்க மானத்துக்காகப் பொய் எழுதியிருக்கீங்க. ரெண்டும் ஒண்ணா?" என்று கேட்டுவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டாள். மறுநாள் வக்கீல் ஐயாவிடமும் சொன்னேன். அவர் கையிலிருந்த பேனாவை மூடி வைத்தார். பிறகு, "மாட்டியிருந்தா உள்ள போயிருக்கறது நீ இல்லப்பா, உங்கக்கா" என்றார். அதிலிருந்து என்னை வழக்குக் கட்டு தூக்க விடுவதில்லை. அலமாரி துடைக்கிறேன். போ என்று சொல்லவில்லை, அதுவே பெரிசு.

பதினேழு பேரின் மனு இன்னும் போடவில்லை. பாட்டு டீச்சர் வக்கீல் ஐயாவுக்கு எழுதியிருக்கிறாராம், கொஞ்சம் நிறுத்தி வையுங்கள் என்று. ஏன் என்று எனக்குத் தெரியவில்லை, கேட்கும் யோக்கியதையும் இல்லை.

மன்னித்துவிடு என்று எழுதி அடித்துவிட்டேன். அடித்தது தெரிகிறதுதானே?

தம்பி


செப்டம்பர் 5

தம்பிக்கு,

உடம்பு நன்றாகத்தான் இருக்கிறது. அத்தானும் நலம். அலமாரி துடைக்கும்போது குனிந்து குனிந்து காலைக் கெடுத்துக்கொள்ளாதே.

தாள்கள் எட்டும் வந்தன. கிழித்து அடுப்பில் போட்டேன்.

நீ ஒளித்தாய். நானும் ஒன்றை ஒளித்தேன். ஜூன் ஒன்பதாம் தேதியிலிருந்து நான் வகுப்பில் இல்லை. தடை போன அதே வாரம் தலைமையாசிரியை கூப்பிட்டு, "என்னால ஒண்ணும் பண்ண முடியல டீச்சர்" என்று சொல்லி, கோப்பு அறைச் சாவியைக் கையில் கொடுத்துவிட்டாள். மூன்று இரும்பு அலமாரி, கால் உடைந்த ஒரு பூகோள உருண்டை, நான். நீலக் கோட்டுத் தாள் அங்கிருந்துதான். உன்னிடம் சொன்னால் நீ கிடந்து தவிப்பாய் என்று 'வழக்கம்போல' என்று எழுதினேன். ஆக, பொய் எழுதுவது நம் குடும்பத்தில் இரண்டு பேருக்கும் கைவந்திருக்கிறது. என்னுடையது சத்தியத்தின் மேல் இல்லை, அவ்வளவுதான் வித்தியாசம்.

அந்த அறைக்கு அடுத்த சுவர் என் மூன்றாம் வகுப்பு. வாய்ப்பாடு சொல்வது கேட்கும். ஏழெட்டு ஐம்பத்துநாலு என்று முழு வகுப்பும் கத்துகிறது, திருத்த ஆளில்லை. புதிதாக வந்தவளுக்கு இரண்டு வகுப்பையும் சேர்த்துப் பார்க்க வேண்டியிருக்கிறது, பாவம். இரண்டு தடவை எழுந்து கதவுவரைக்கும் போய்விட்டேன். அங்கே நின்று அழுதேன் என்பதையும் எழுதிவிடுகிறேன், இனிமேல் ஒளிக்க என்ன இருக்கிறது.

இப்போது விஷயம். உன் கடிதம் வராத அந்த ஒரு மாதத்தில், அலமாரிக்கு அடியில் எலி கடித்த ஒரு புத்தகம் கிடைத்தது. விடுமுறைப் பயிற்சியின் பழைய நடைமுறைப் புத்தகம். பதினான்காவது பிரிவை வார்த்தை மாறாமல் எழுதுகிறேன்: 'கற்பித்தல் பயிற்சியில் நாட்கள் விடுபட்டவர், தேர்ச்சி பெற்ற பின்னரும், அந்நாட்களை அதே பயிற்சி நிறுவனத்தின் மேற்பார்வையில் நிறைவு செய்யலாம்.' எத்தனை வருஷத்துக்குள் என்று எங்கும் இல்லை. அப்போதுதான் ஞாபகம் வந்தது. பயிற்சி முதல்வர் என்னிடம், "விட்டுப்போனதை அப்புறமா முடிச்சுக் குடுத்துடும்மா, இல்லாட்டி பின்னால சிக்கல்" என்று சொல்லித்தான் தேர்ச்சி போட்டார். அவரும் ஓய்வு பெற்றுப் போனார், நானும் மறந்துபோனேன். அந்த மறதி என்னுடையது. அதற்கு நீ பொறுப்பில்லை.

பயிற்சி நிறுவனத்துக்குப் போனேன். இப்போதைய முதல்வர் புத்தகத்தை மூன்று தடவை புரட்டிப் பார்த்துவிட்டுச் சம்மதித்தார். ஆசிரியையாக நான் வகுப்பில் நுழையக் கூடாது. பயிற்சி மாணவியாக என் மூன்றாம் வகுப்பிலேயே நுழையலாம். அடுத்த வாரம் விண்ணப்பம், அதற்குப் பின் ஒன்பது நாள்.

பதினேழு பேரையும் வைத்துக்கொண்டு சொன்னேன், எனக்காகக் காத்திருக்க வேண்டாம் என்று. படிக்காமல் கையெழுத்துப் போட்டுவிட்டேன் என்பதையும் சொன்னேன். அதற்கு மேல் யாரையும் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. பாட்டு டீச்சர்தான், "பதினெட்டாப் போனோம், பதினெட்டாத்தான் போவோம். இவ்வளவு நாள் இருந்தோம், இன்னும் ஒரு மாசம் இருக்க மாட்டோமா?" என்றாள்.

உன் வக்கீலிடம் கேள், இது செல்லுமா என்று. கோபம் இன்னும் இருக்கிறது. ஆனால் வேலை முதலில்.

அக்கா


செப்டம்பர் 12

அன்புள்ள அக்காவுக்கு,

இங்கே சௌக்கியம். இப்போதுதான் நிஜமாக அப்படி எழுதுகிறேன்.

உன் கடிதத்தை வக்கீல் ஐயாவின் மேஜைமேல் வைத்தேன். குடும்ப விஷயம் நிறைய இருந்தது, ஆனாலும் முழுசாகவே கொடுத்தேன். பதினான்காவது பிரிவு வந்ததும் கண்ணாடியைக் கழற்றினார். எனக்கு உயிர் போய் வந்தது. துடைத்து மறுபடி மாட்டிக்கொண்டு, "உங்கக்கா வக்கீலுக்குப் படிச்சிருக்கணும்ப்பா" என்று சிரித்தார். செல்லும் என்கிறார். வாபஸ் உத்தரவில் அனுமதி வாங்கி வைத்தது இதற்குத்தான் உதவப்போகிறது. பதினெட்டுப் பேராகவே போடலாம். நீயே முதல் மனுதாரர். உள்ளதை உள்ளபடி சொல்லிவிட்டால் எதிர்த்தரப்பிடம் ஆயுதமே இல்லை.

புதிய மனுவின் வரைவை இத்துடன் அனுப்புகிறேன். தட்டச்சு செய்தது நான். வக்கீல் ஐயா வரிவரியாகச் சரிபார்த்தார். முப்பத்தொன்று என்று முப்பத்தொன்றாகவே அடித்திருக்கிறேன். ஒன்பது நாளை முடித்த தேதிக்கு மட்டும் இடம் விட்டிருக்கிறேன். ஏழாவது பத்தி அந்த ஒன்பது நாளைப் பற்றியது. அதைக் கவனமாகப் படி. எல்லாப் பக்கத்தையும் படித்த பிறகு மட்டுமே கையெழுத்து. வெறுந்தாள் கொடுத்தாலும் வாங்க மாட்டேன்.

நாற்பத்தொரு வயதுப் பயிற்சி மாணவிக்கு என் வாழ்த்துகள். பாடக்குறிப்பு நோட்டுக்கு அட்டை போட்டாயா? பின்வரிசையில் உட்கார்ந்து பேசாதே.

உன் தம்பி


அக்டோபர் 3

அன்புள்ள தம்பிக்கு,

நாங்கள் நலம். உன் வீட்டுக்காரிக்கு என் தனி அன்பு. அவள் அடுப்படிக்குப் போகுமுன் சொன்னதை நான் இரண்டு தடவை படித்தேன்.

ஒன்பது நாளும் முடிந்தன. சான்று இத்துடன் இருக்கிறது. என்னை மேற்பார்வை செய்ய வந்தவளுக்கு இருபத்தாறு வயது. முதல் நாள் என்னைவிட அவள்தான் அதிகமாக நடுங்கினாள். வகுப்பின் கடைசி பெஞ்சில் குறிப்பேட்டோடு உட்கார்ந்து, "ஆரம்பிக்கலாம் டீச்சர்" என்றாள், உடனே நாக்கைக் கடித்துக்கொண்டு "ஆரம்பிக்கலாம்மா" என்று மாற்றினாள். அவள் என்னைப் பற்றி எழுதியதைக் கேள்: 'கரும்பலகை எழுத்து மிக நன்று. வகுப்பைக் கையாளும் முறை நன்று. மாணவர்களைச் சற்று அதிகமாகக் கேலி செய்கிறார், குறைத்துக்கொள்ளலாம்.' ஒன்பதாம் நாளும் அந்தக் கடைசி வரி அப்படியே இருந்தது. நான் முன்னேறவில்லை.

ஏழெட்டு ஐம்பத்தாறு ஆக அரை மணி நேரம்தான் பிடித்தது. பென்சில் தின்னி இப்போது அழிப்பானுக்கு மாறியிருக்கிறாள். "டீச்சர், நீங்க எங்க போயிருந்தீங்க?" என்று கேட்டாள். "அடுத்த ரூம்ல இருந்தேன்" என்றேன். "அப்ப ஏன் வரல?" என்றாள். அவளுக்கு விதிமுறைகளை எப்படி விளக்குவது? பாடத்தைத் திறக்கச் சொன்னேன். பத்தாம் நாள் மறுபடி கோப்பு அறை.

மனுவை முழுவதும் படித்தேன். சிவப்பு மையில் திருத்தியிருக்கிறேன், பழக்கதோஷம். இரண்டாம் பக்கத்தில் பாட்டு டீச்சரின் வயதைக் குறைத்திருக்கிறாய். அவள் மறுப்புச் சொல்ல மாட்டாள், ஆனாலும் திருத்து.

ஏழாவது பத்தியில் மட்டும் நான் கையெழுத்துப் போடவில்லை. 'தம்பி விபத்தில் சிக்கியதால் ஏற்பட்ட தவிர்க்க முடியாத காரணத்தால் மனுதாரர் ஒன்பது நாட்கள் பயிற்சிக்கு வர இயலவில்லை' என்று எழுதியிருக்கிறாய். எல்லா மனுவிலும் அப்படித்தான் எழுதுவீர்கள் என்று தெரியும். ஆனால் அது உண்மை இல்லை. அம்மா இல்லாத வீடுதான், ஆனால் அத்தையை அனுப்புகிறேன் என்று அப்பா சொன்னார். ஆஸ்பத்திரியில் ஆயா இருந்தாள். நான் கிளம்பும்போதே பின்னால் சிக்கல் வரும் என்று முதல்வர் முகத்துக்கு நேரே சொன்னார். தவிர்த்திருக்கலாம். எல்லாம் தெரிந்துதான் வந்தேன். நீ கண் விழிக்கும்போது நான் அங்கே இருக்க வேண்டும் என்று தோன்றியது, அதனால் வந்தேன். பத்தொன்பது வருஷத்தில் அதற்காக ஒரு நாள்கூட வருத்தப்பட்டதில்லை. கோப்பு அறையில் உட்கார்ந்திருந்தபோதும் இல்லை.

ஆகவே அந்த வரியை அடித்துவிட்டு, லாரி இடித்து உன் காலில் அடிபட்டதை மட்டும் சொல்லி, அதன்பின் 'தம்பியின் அருகில் இருக்க மனுதாரர் தாமே விரும்பிச் சென்றார்' என்று எழுது. இதையும் நான் சத்தியம் செய்துதானே சொல்ல வேண்டும்? தட்டச்சு செய்து அனுப்பு. அன்றே கையெழுத்துப் போட்டு அனுப்புகிறேன்.

அக்கா


நவம்பர் 7

அன்புள்ள அக்காவுக்கு,

நீயும் அத்தானும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இங்கே நாலு நாளாக மழை. கால் தன் கடமையைச் செய்கிறது.

மனுவுக்கு எண் விழுந்து, இன்று காலை விசாரணைக்கு வந்தது. வக்கீல் ஐயா வெளியே கிளம்பும்போது என்னைத் திரும்பிப் பார்த்து, "கட்டை யார் தூக்குவா?" என்றார். துடைக்கும் துணியை அப்படியே போட்டுவிட்டு ஓடினேன்.

அதே நீதிபதி. அதே புது மின்விசிறி. இந்தத் தடவை தலையை நிமிர்த்தினார். எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து, முப்பத்தொரு நாள் கதையை ஆரம்பித்தார். நம்மவர், "அதை நாங்களே ஏழாவது பத்தியில சொல்லியிருக்கோம், பாருங்க" என்றார். நீதிபதி பக்கத்தைப் புரட்டினார். வாய்விட்டே படித்தார்: 'தம்பியின் அருகில் இருக்க மனுதாரர் தாமே விரும்பிச் சென்றார்.' அப்புறம் நீ முடித்த ஒன்பது நாளையும் படித்தார். கேலியைக் குறைத்துக்கொள்ளலாம் என்கிற குறிப்பு வரைக்கும் படித்தார் என்று நினைக்கிறேன், ஏனென்றால் உதடு கொஞ்சம் அசைந்தது.

பிறகு நம் வக்கீலைப் பார்த்து, "அந்தத் தம்பி இப்ப எப்படி இருக்காரு?" என்று கேட்டார்.

வக்கீல் ஐயா திரும்பிப் பார்த்தார். "இதோ நிக்கிறாருங்க. கட்டைப் பிடிச்சுக்கிட்டு."

நீதிமன்றமே என்னைப் பார்த்தது. நீதிபதி, "நல்லா நடக்குறாரா?" என்றார். குமாஸ்தா அங்கே வாய் திறக்கவே கூடாது, உனக்குத் தெரியும். இத்தனை வருஷத்தில் நான் திறந்ததில்லை. "மழை வந்தா மட்டும் கொஞ்சம் இழுக்குதுங்க" என்று சொல்லிவிட்டேன். சிரிப்பு எழுந்தது. எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது, கட்டை முகத்துக்கு நேரே தூக்கிக்கொண்டேன்.

வழக்கு முடியும்வரை பதினெட்டுப் பேரையும் வகுப்பிலிருந்து விலக்கி வைக்கக் கூடாது என்று இடைக்காலத் தடை கொடுத்துவிட்டார். கடைசித் தீர்ப்புக்கு எத்தனை மாதம் ஆகுமோ, என்ன வருமோ, தெரியாது. ஜெயித்துவிட்டோம் என்று பாட்டு டீச்சரிடம் சொல்லிவிடாதே. ஆனால் உத்தரவின் நகல் இத்துடன் இருக்கிறது. முத்திரை சரியாக விழுந்திருக்கிறதா என்று மூன்று தடவை பார்த்துவிட்டேன்.

தலைமையாசிரியையிடம் நகலைக் கொடு. கோப்பு அறைச் சாவியையும் கொடு. திங்கட்கிழமை மணி அடித்ததும் வகுப்புக்குப் போ.

உன் தம்பி